நீக்கவும், நீட்டவும்

சினிமா தணிக்கை அலுவலகத்தில் அவளுக்கு ‘டைப்பிஸ்ட் அக்கா’ என்றுதான் பெயர். பதினெட்டு வருடங்களாக அவள் விரல்கள் அதிகம் அடித்த சொல் ‘நீக்கவும்’.

அன்று திரையிட்ட படத்தில் அவள் மகள் நடித்திருந்தாள். ஓராண்டாக அடித்தளக் கிடங்குகளில் திருட்டுத்தனமாக ஓடி, இப்போது அனுமதி கேட்டு வந்த படம். “உடம்பைக் காட்டறதுக்குப் பேரு கலையாடி?” என்று கேட்டு மகளை வெளியே அனுப்பியவள், படத்தை இன்றுதான் பார்க்கிறாள்.

திரையில் மகள் வெற்று முதுகைக் காட்டி உட்கார்ந்தாள். முதுகெங்கும் சூட்டுத் தழும்புகள். செத்துப்போன தகப்பன் வைத்தவை. வெந்நீர் கொட்டியது என்று ஊருக்கெல்லாம் இந்தத் தாய் சொல்லி மறைத்தவை!

“கண்றாவி! இதையெல்லாம் குடும்பத்தோட பார்க்க முடியுமா?” என்றார் தலைவர்.

“பிடிக்கலைன்னா எழுந்து போகட்டும் சார். அடுத்தவன் கண்ணை நாம ஏன் பொத்தணும்?” என்றார் உறுப்பினரான ஓய்வுபெற்ற டீச்சர்.

தலைவர் பேச்சுதான் எடுபட்டது. அந்தக் காட்சி போனால் மகள் உண்மையைச் சொல்ல வாய் திறந்ததே வீண். கண்ணீர் திரையிட, அவள் உத்தரவை அடித்தாள். தலைவர் வழக்கம்போலப் படிக்காமலே கையெழுத்திட்டார்.

மறுநாள் தலைவர் போட்ட சத்தத்தில் அறையே அதிர்ந்தது.

“என்னம்மா இது? ‘முதுகு தெரியும் காட்சியை நீட்டவும்’னு போயிருக்கு!”

அவளுக்கு உயிரே போனது. ககரம் விழ வேண்டிய இடத்தில் டகரம்!

டீச்சர் விழுந்து விழுந்து சிரித்தார். “கையெழுத்து உங்களோடதுதானே சார்? படிக்காம போட்டேன்னு மேலிடத்துக்கு எழுதுங்களேன்.”

தலைவர் உத்தரவின் நகலை மடித்துக் கோப்புக்குள் செருகினார். “போய்த் தொலையட்டும். அப்படியே இருக்கட்டும்.”

அப்பாடா! நாற்காலியில் சரிந்தவளின் நெஞ்சிலிருந்து ஒரு வருடப் பாரம் இறங்கியது. அப்போதுதான் போன் அடித்தது.

“அம்மா... எவ்ளோ நேரம் நீட்டணும்னு எங்க டைரக்டர் கேக்கறாரு. நீ அதைப் போடவே இல்லையே?”

அழுகையும் சிரிப்பும் ஒன்றாக முட்டின.

“எனக்கென்னடி தெரியும்? வீட்டுக்கு வா, பேசிக்கலாம். இனிமே யாராவது கேட்டா வெந்நீர்னு சொல்லமாட்டேன்.”