ரம் ஊற்றியவனுக்குக் கிடைத்த பதக்கம்

இங்கிலாந்தின் லங்காஷயரில், எங்கள் ஆலைத் தெருவில் அமோஸ் ராம்ஸ்டன் நடந்து வந்தால் முதலில் தெரிவது அவன் தொந்தி, அதன்மேல் பதக்கம், அப்புறம்தான் ஆள். கிரிமியா சண்டையில் வீரத்துக்காகக் கொடுத்தது. சாராயக்கடையில் அதைக் காட்டி ஓசியில் குடிக்காத நாள் கிடையாது.

கெசாயாவுக்கு அவனைக் கண்டாலே குமட்டும். அவள் புருஷன் ஜேபஸும் அதே படைதான். குண்டடிபட்டுக் கிடந்த இரண்டு பேரைத் தூக்கிவந்து போட்டுவிட்டு, மூன்றாவது ஆளுக்காகப் போனவன் திரும்பவில்லை. செத்தவனுக்குப் பதக்கம் தருகிற வழக்கம் ராணுவத்தில் இல்லை. படைக்கென்று வந்த ஒரு பதக்கத்துக்கு மிச்சமிருப்பவர்களே சீட்டெழுதி ஒருவனைத் தேர்ந்தெடுங்கள் என்று அதிகாரி சொல்லிவிட்டார். சிப்பாய்கள் யோசித்தார்கள். தினமும் ரம் அளந்து ஊற்றுகிறவன் யார்? அமோஸ். ஒரு வாய் கூடுதலாகக் கிடைக்குமே என்று அத்தனை சீட்டிலும் அவன் பெயர். ஊர் திரும்பிய வருஷம் அமோஸே இதை அவளிடம் சொல்லி மூக்கைச் சிந்தினான்.

இப்போது தேவாலயச் சுவரில் வீரனின் பெயர் பொறித்துப் பித்தளைப் பலகை பதிக்கப்போகிறார்கள். ஜேபஸுக்கு ஊரில் ஒரு கல்லறைகூட இல்லை. பலகையில் அவன் பெயரும் வேண்டும், அவ்வளவுதான் அவள் கேட்டது. கூட இருந்தவன் சாட்சி சொன்னால் சேர்க்கலாம் என்றார் பாதிரியார். அமோஸை இழுத்துக்கொண்டு போய் அவர் முன் நிறுத்தினாள்.

வீராதிவீரன் தொப்பியைத் திருகிக்கொண்டு நின்றான்.

"ஒரே புகை, ஐயா. யார் யாரைத் தூக்குனாங்கன்னு யாரு கண்டா?"

"எங்கிட்ட அழுதியே, அமோஸ்?"

"குடிச்சிட்டு ஏதாச்சும் உளறியிருப்பேன், கெசாயா."

அவன் மூஞ்சியில் துப்ப வேண்டும்போல இருந்தது அவளுக்கு. தேவாலயமாயிற்றே என்று விழுங்கினாள். பலகையில் ஒரே பெயர்தான் ஏறியது.

அந்தத் தேவாலயத்தைப் பெருக்கித் துடைப்பவளே கெசாயாதான். சனிக்கிழமைதோறும் செங்கல் தூளும் காடியும் போட்டுப் பித்தளைச் சாமான்களைத் தேய்ப்பாள். மெழுகுவத்தித் தண்டுகளுக்குச் சும்மா ஒரு இழுப்பு. பலகைக்கு மட்டும், அதுவும் அந்தப் பெயர் இருக்கும் வரிக்கு, தோள் வலிக்க வலிக்க. எவ்வளவு சிரத்தை என்று பாதிரியார்கூட மெச்சினார்.

ஒன்பது வருஷம் கழிந்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் அமோஸ் பலகையில் மூக்கு முட்ட நின்று விரலால் தடவிக்கொண்டிருந்தான்.

"கெசாயா, என் பேரு தெரியவே மாட்டேங்குதே?"

அவள் துணியை உதறி மடித்தாள்.

"ஒரே புகை, அமோஸ்," என்றாள். "யாரு கண்டா?"