கடுகு மடித்துப் போன கடைசிப் பக்கங்கள்

எங்கள் அக்கா எங்களை விட்டுப் போய் ஓராண்டு நிறைகிறது. இந்த நினைவு மலரைக் கையில் வாங்கும் உறவினர்களும் நண்பர்களும் அக்காவைப் பொறுமையின் வடிவம் என்று நினைத்துக்கொண்டிருக்கக் கூடும். கூடப்பிறந்தவள் என்ற உரிமையில் முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: அக்கா அப்படியொன்றும் பொறுமைசாலி இல்லை. சோறு குழைந்துவிட்டால் தட்டைத் தள்ளிவிடுவார். நான் ஓர் ஆங்கிலச் சொல்லைத் தப்பாக உச்சரித்தால் நறுக்கென்று தலையில் குட்டுவார். ஒரே ஒரு விஷயத்துக்காக மட்டும் வருடக்கணக்கில் காத்திருந்தார். ஒரு கதையின் முடிவு அவருக்குத் தெரிய வேண்டியிருந்தது.

அம்மாவின் ஊரான ஜெயமங்கலத்தில் தலைச்சன் பிள்ளையாக அக்கா பிறந்தார். வளர்ந்ததெல்லாம் போடி கடைவீதியில், எங்கள் மளிகைக் கடைக்குப் பின்னால் இருந்த வீட்டில்தான். பதின்மூன்று வயதில் மூட்டெல்லாம் வீங்கிக் காய்ச்சல் வந்தது. காய்ச்சல் இறங்கியது. ஆனால் போகிற போக்கில் இருதய வால்வைக் கெடுத்துவிட்டுப் போயிருந்தது. ஒரு வருடம் பள்ளிக்கூடம் வேண்டாம், படி ஏறவே கூடாது என்று மதுரை டாக்டர் சொல்லிவிட்டார். அம்மா சனிக்கிழமை தவறாமல் குச்சனூர் கோயிலுக்குப் போய் வந்தார். அக்கா கடைக்குள்ளேயே, அரிசி மூட்டைகளுக்குப் பக்கத்தில் ஒரு கயிற்றுக் கட்டிலில் படுத்துக் கிடந்தார். அது தொண்ணூற்றாறாம் வருடம்.

அப்போது கடையில் சாமான் மடிப்பதற்குப் பழைய காகிதத்தை எடைக்கு வாங்குவோம். அந்த வருடம் போடிமெட்டுப் பக்கம் ஓர் ஏலத்தோட்டத்து பங்களாவை ஒழித்துச் சுத்தம் செய்தார்கள். அங்கே துரைமார்களின் பிள்ளைகள் படித்துவிட்டுப் போட்டுப்போன இங்கிலாந்துச் சிறுவர் கதைப் புத்தகங்கள் சாக்கு நிறைய எங்கள் கடைக்கு வந்து சேர்ந்தன. கெட்டி அட்டை, மலை ஈரத்தில் பழுப்பேறிய தாள். அப்பாவுக்கு ஆங்கிலம் தெரியாது. புத்தகத்தைக் கவிழ்த்துப் போட்டுப் பின்பக்கத்திலிருந்து கிழிப்பது அவர் கைப்பழக்கம். வியாபாரம் ஓய்ந்த நேரத்தில் ஒவ்வொன்றிலும் கொஞ்சம் கொஞ்சமாகக் கிழித்துக் கம்பியில் குத்தி வைத்துவிடுவார். ஒரு தாள் கடுகுக்கு, ஒரு தாள் மிளகுக்கு. கிழித்தது போக மிஞ்சியதை அக்கா எடுத்து வைத்துக்கொண்டார். ஆக, எங்கள் வீட்டிலிருந்த எல்லாக் கதைக்கும் தொடக்கம் இருந்தது, நடு இருந்தது, முடிவு மட்டும் இல்லை.

இது அக்காவுக்குத் தெரிய வந்த அன்று கடையே இரண்டுபட்டது.

"திருடன் யாருன்னு தெரியப்போற நேரத்துல கிழிச்சிட்டீகளேப்பா!" என்று கட்டிலில் உட்கார்ந்து அழுதார்.

அப்பா வெலவெலத்துப் போனார். நெஞ்சு நோயுள்ள பிள்ளை அழுதால் என்ன ஆகுமோ என்ற பயம். "எனக்கு என்ன ஆத்தா தெரியும்? இனிமே வேணும்னா முன்னாடி இருந்து கிழிக்கவா?" என்று கேட்டார். அக்கா அழுகையை விட்டுவிட்டுச் சிரித்துவிட்டார். அதற்குப் பிறகு அப்பா அந்தப் புத்தகங்களில் கை வைக்கவில்லை. ஆனால் கிழித்தது கிழித்ததுதானே. அந்தக் குறை அக்கா இருந்தவரை அப்பாவின் மனதிலிருந்து போகவில்லை.

முடிவு இல்லாத கதைகளுக்கெல்லாம் அக்காவே முடிவு சொல்லத் தொடங்கினார். அகராதியை வைத்துக்கொண்டு பகலெல்லாம் வாசிப்பார். சாயங்காலம் கடைவீதிப் பிள்ளைகள் கட்டிலைச் சுற்றி உட்கார்ந்துகொள்வோம். பெரியவர்கள் துணையில்லாமல் பிள்ளைகளே குகைக்குள் போவதும், விடுதிப் பள்ளியில் பூட்டிய அறையைத் திறப்பதும், புல்வெளியில் துணி விரித்துச் சாப்பிடுவதுமாக அந்த ஊர் எங்களுக்குப் பழகிப்போனது. ஒருநாள் கதைப் பிள்ளைகள் இஞ்சி பீர் குடித்த இடம் வந்தபோது, கல்லாவில் இருந்த அப்பா எழுந்தே வந்துவிட்டார்.

"பச்சப் பிள்ளைக பீரு குடிக்குதா? என்னத்தா கத இது?"

"அது வெறும் இஞ்சித் தண்ணிப்பா. நம்ம கடைச் சுக்குத் தண்ணி மாதிரி."

"அப்படிச் சொல்லு" என்று அப்பா சமாதானமாகிப் போய் உட்கார்ந்தார்.

இத்தனை கதைகளில் ஒன்று மட்டும் அக்காவை விடவில்லை. பச்சை அட்டை போட்ட ஒரு புத்தகம். சீக்குக்காரச் சிறுமி ஒருத்தியைக் கடலோரத்தில் இருக்கும் அத்தை வீட்டுக்கு அனுப்பி வைக்கிறார்கள். அவளுடைய அண்ணன் கப்பலில் வேலைக்குப் போயிருக்கிறான். குளிர்காலத்தில் அவள் படுத்த படுக்கையாகிவிடுகிறாள். அண்ணன் வரப்போவதாகத் தகவல் வருகிறது. சன்னல் வழியாகப் படகுத்துறையைப் பார்த்தபடி அவள் கிடக்கிறாள். அதோடு தாள் தீர்ந்துவிட்டது.

அக்கா சொன்ன முடிவு கடைவீதிப் பிள்ளைகளுக்கெல்லாம் மனப்பாடம். படகு தெரிந்ததும் அந்தப் பிள்ளை போர்வையை உதறிவிட்டு எழுந்துவிடுவாள். வாசலைத் தாண்டி, மேட்டிலிருந்து இறங்கி, மூச்சே வாங்காமல் படகுத்துறைக்கு ஓடுவாள். அந்த ஓட்டத்தை அக்கா நீட்டி நீட்டிச் சொல்வார். வீட்டுப் படி ஏறவே நின்று நின்று ஏறுகிறவர் அதைச் சொல்லும்போது, உள்ளே அம்மா முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொள்வார்.

ஆனாலும் அக்காவுக்கு அது போதவில்லை. "இது நான் சொன்னதுடி. அவுக என்ன எழுதுனாகன்னு எனக்குத் தெரியணும்" என்பார்.

ஒரு வருடம் கழித்துப் பள்ளிக்குத் திரும்பினார். அஞ்சல் வழியில் பி.ஏ. ஆங்கிலம் முடித்தார். போடியிலேயே ஒரு நர்சரிப் பள்ளியில் ஆசிரியையாக இருந்தார். பிள்ளைப்பேறு உடம்பு தாங்காது என்று டாக்டர் சொல்லிவிட்டதால் கல்யாணப் பேச்சை அக்காவே நிறுத்திவிட்டார். அப்போது யார் மீதும் கோபப்படவில்லை. இரண்டு நாள் யாரோடும் பேசவுமில்லை. வால்வை ஒருமுறை சரிசெய்தார்கள். சில வருடம் நன்றாகவே இருந்தார். பிறகு மறுபடியும் கால் வீங்கத் தொடங்கியது.

நான் சென்னைக்கு வேலைக்குப் போனபோது அக்கா என்னிடம் கேட்டது பட்டுச் சேலையோ செல்போனோ இல்லை. அந்தப் புத்தகத்தின் பெயரைச் சொல்லி, "பழைய புத்தகக் கடை எங்கன இருந்தாலும் நுழைஞ்சு பாரு" என்றார். நானும் பார்த்துக்கொண்டே இருந்தேன். போன வருடம், இனி ஆஸ்பத்திரியில் செய்ய ஒன்றுமில்லை, வீட்டில் வைத்துப் பார்த்துக்கொள்ளுங்கள் என்று மதுரையில் சொன்ன அதே வாரத்தில், ஒரு நடைபாதைக் கடையில் அது கிடைத்தது. அதே பச்சை அட்டை. கடைசித் தாள்வரை முழுதாக இருந்தது.

போடிக்கு வரும் பஸ்ஸில் அதைப் படித்தேன். படித்திருக்க வேண்டாம். அந்தப் பிள்ளை ஓடவில்லை. படகு கரை சேர்வதற்கு முன்பே சன்னலோரத்தில் இறந்துபோகிறாள். அண்ணன் வரும்போது அத்தை மட்டும் வாசலில் நிற்கிறாள். தேனியில் பஸ் மாற இறங்கியபோது, புத்தகத்தை அங்கேயே குப்பைத்தொட்டியில் போட்டுவிட்டுக் கிடைக்கவில்லை என்று சொல்லிவிடலாமா என்று நினைத்தேன். இத்தனை வருடம் கேட்ட ஒன்றை எப்படி மறைப்பது? கொடுத்தால் எப்படிக் கொடுப்பது?

மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு அக்கா தலையணையில் சாய்ந்துகொண்டார். புத்தகத்தைத் தடவிப் பார்த்தார். கண் மங்கலாக இருக்கிறது, நீயே வாசித்துத் தமிழில் சொல் என்றார். நான் கடைசி அத்தியாயத்தைத் திறந்தேன். முதல் பத்திகளை உள்ளபடி சொன்னேன். பிறகு, தாளைப் பார்த்துக்கொண்டே, அக்காவின் முடிவை அக்காவுக்கே சொன்னேன். படகு வந்தது. பிள்ளை எழுந்தாள். வாசல், மேடு, படகுத்துறை என்று ஓடவிட்டேன். குரல் நடுங்காமல்தான் சொன்னேன்.

அக்கா கண்ணை மூடியபடி முழுக்கக் கேட்டார். "பக்கத்தத் திருப்பவே இல்லையேடி" என்றார்.

புத்தகத்தை மடியில் கவிழ்த்துவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டேன்.

"அந்தப் பிள்ள செத்துப்போச்சா?"

"ஆமாக்கா."

"அழுகாத. எழுதுனது எழுதுனபடி வாசி."

வாசித்தேன். முடித்ததும் அக்கா, விடைத்தாள் திருத்தும் டீச்சராகவே ஆகிவிட்டார். "நல்லாத்தான் எழுதியிருக்காக. ஆனா அவசரம். ஒரு படகு வந்து சேர்றதுக்குள்ள பொறுக்க முடியலையாக்கும்?" என்றார். என் கையைப் பிடித்துக்கொண்டு, "பிள்ளைக கேட்டா நான் சொன்னதையே சொல்லு. இந்தக் கடைசித் தாளைக் கிழிச்சு அப்பாகிட்டக் குடு. எப்பவும்போல மடிக்கட்டும்" என்றார்.

அன்றைக்கே கிழித்தேன். அப்பாவிடம் கொடுக்கத்தான் மனம் வரவில்லை. அடுத்த வாரம், விடிந்து வெயில் ஏறும் நேரத்தில், அம்மாவின் மடியில் அக்காவின் மூச்சு அடங்கியது. அவருக்கு வயது இருபத்தாறு.

காரியமெல்லாம் முடிந்து கடை திறந்த அன்று, அந்தத் தாளை அப்பாவிடம் நீட்டினேன். எத்தனையோ புத்தகத்தைக் கேட்காமல் கிழித்தவர், அன்றுதான் முதல்முறையாக, "இதுல என்னத்தா எழுதியிருக்கு?" என்று கேட்டார். சொன்னேன். பச்சைப் புத்தகத்தில் அவர் அன்று கிழித்தது இந்தப் பக்கங்களைத்தான் என்பதையும் சொன்னேன்.

அப்பா தாளைக் கையில் வாங்கிக்கொண்டார். "அப்ப நான் கிழிச்சது நல்லதாப் போச்சு" என்றார். அப்படியே கல்லாவில் தலையைக் கவிழ்த்து அழுதார். அக்கா இறந்த அன்றுகூட அவர் அப்படி அழவில்லை.

கடுகு கேட்டு ஒரு அம்மா வந்தார். கடையில் இப்போது எல்லாமே பாலித்தீன் கவர்தான். அப்பா எழுந்து முகத்தைத் துடைத்துக்கொண்டு, அந்தத் தாளைக் கூம்பாகச் சுருட்டி, கடுகை அள்ளிப் போட்டு மடித்து, நூல் சுற்றிக் கொடுத்தார்.

"என்னண்ணே, கவர் தீந்துபோச்சா?" என்று அந்த அம்மா கேட்டார்.

"ஆமாத்தா" என்றார் அப்பா.

நன்றி சொல்ல வேண்டியவர்கள் பலர். இத்தனை வருடம் அக்காவைத் தம் பிள்ளையாகப் பார்த்துக்கொண்ட மதுரை டாக்டருக்கும், கூப்பிட்ட நேரத்துக்கெல்லாம் ஆட்டோ கொண்டுவந்த பக்கத்து வீட்டு அண்ணனுக்கும், வருசநாட்டிலிருந்து மாதந்தோறும் தேன் கொண்டுவந்து கொடுத்த சித்தப்பாவுக்கும், சீருடையோடு வந்து வாசலில் நின்று அழுத நர்சரிப் பிள்ளைகளுக்கும் எங்கள் குடும்பம் கடமைப்பட்டிருக்கிறது.

இன்னும் ஒருவர் இருக்கிறார். தொண்ணூற்றாறில் எங்கள் கடையில் கடுகோ மிளகோ வாங்கிப்போய், பொட்டலத்தைப் பிரித்து, அந்தக் கடைசித் தாளை அடுப்பில் போட்டு எரித்த யாரோ ஒருவர். அவர் பெயர் எங்களுக்குத் தெரியாது. உங்களால்தான் எங்கள் அக்கா அந்தப் பிள்ளையைப் பதின்மூன்று வருடம் சாகவிடாமல் ஓடவிட்டார். நீங்கள் எங்கிருந்தாலும் நன்றாக இருக்க வேண்டும்.