வெருட்டினவங்கள்

இந்த நாட்டில் ஒருவன் ஓடி ஒளிவதைப் பார்ப்பதற்கு ஞாயிறு மத்தியானம் டிக்கெட் எடுத்து, சோளப்பொரியும் வாங்கிக்கொண்டு போகிறார்கள். எங்கள் பஸ் கராஜில் ஷிப்ட் போடுகிற கீரன் அயர்லாந்துக்காரன். “உனக்குக் கட்டாயம் பிடிக்கும். எங்கள் ஊர்ப் பையன்கள் மூன்று பேர் வெளிநாட்டில் மாட்டிக்கொண்டு ஓடுகிற படம். நீயும் அப்படி ஓடி வந்தவன்தானே?” என்று முதுகில் தட்டினான். நல்ல மனத்தோடுதான் சொன்னான். அதுதான் எனக்கு இன்னும் எரிச்சலாக இருந்தது. ஆனாலும் அவனோடு போனேன், தயாவையும் இழுத்துக்கொண்டு போனேன். தயாபரன் என்னோடு ஒரே ஏஜென்சியைப் பிடித்து ஒரே லொறியில் வந்தவன். நான் பிரிட்டிஷ் பாஸ்போர்ட் எடுத்து, கல்யாணம் கட்டி, மோர்டனில் வீடும் வாங்கிவிட்டேன். அவன் அதே வீட்டின் மாடி அறையில் விசா இல்லாமல் இருக்கிறான். செவ்வாய்க்கிழமை அவனுடைய வழக்கு. அதில் தோற்றால் பிளேனில் ஏற்றி அனுப்பிவிடுவார்கள். இரண்டு நாளாகச் சாப்பிடாமல் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தவனை வெளியே எடுத்தால் போதும் என்று நினைத்தேன்.

படத்தின் கதையை இரண்டு வரியில் சொல்லிவிடலாம். ஸ்பெயினுக்குக் கல்யாணக் கொண்டாட்டம் என்று போகிற மூன்று சிநேகிதர்கள், விமான நிலையத்தில் ஒரு ரவுடியின் பெட்டியை மாறித் தூக்கிவிடுகிறார்கள். அதன்பிறகு பொலிசும் ரவுடிகளும் துரத்த, இவர்கள் ஓடுகிறார்கள். ஒரு கட்டத்தில் தர்ப்பூசணி லொறிக்குள் ஒளிந்து எல்லையைக் கடக்கிறார்கள். காவலாளி லொறியின் பக்கத்தில் வந்து நிற்க, உள்ளே இருப்பவனுக்குத் தும்மல் வருகிறது. தியேட்டரே வெடித்துச் சிரித்தது. பாஸ்போர்ட்டுகள் ஆற்றில் விழுகின்றன, அதற்கும் சிரிப்பு. கடைசியில் தூதரகத்துக்கு ஒரு போன் போட, பூப்போட்ட சட்டை அணிந்த ஒரு பெண் வந்து புதுப் பத்திரங்களைக் கையில் கொடுக்கிறாள். பாஸ்போர்ட் தொலைவது இவர்களுக்கு இரண்டு நிமிடப் பகிடி! பக்கத்து இருக்கைக்காரனின் சோளப்பொரியைத் தட்டிவிடவேண்டும் போல எனக்கு வந்தது.

எங்களுடையது வெங்காய லொறி. மூட்டைகளுக்கு நடுவில் ஆறு பேர். எந்த நாட்டின் எல்லை என்றுகூட எங்களுக்குத் தெரியாது. வெளியே நாய் உறுமிய நேரம் எனக்கு இருமல் முட்டிக்கொண்டு வந்தது. தயா என் வாயையும் மூக்கையும் சேர்த்துப் பொத்தினான். மூச்சு முட்டிக் கால் உதைத்தேன், அவன் விடவில்லை. லொறி நகர்ந்த பிறகு பார்த்தால் அவன் உள்ளங்கையில் என் பல் பதிந்து இரத்தம் வந்திருந்தது. அந்தக் கையால்தான் நான் இந்த நாட்டுக்கு வந்து சேர்ந்தேன் என்பதில் எனக்குச் சந்தேகம் கிடையாது.

சரி, நான் இப்படிப் பல்லைக் கடித்துக்கொண்டிருக்க, பக்கத்தில் தயா கண்ணில் நீர் வர வர விழுந்து சிரித்துக்கொண்டிருந்தான்.

“என்னடா சிரிக்கிறாய்?” என்று காதுக்குள் கேட்டேன்.

“பகிடியாத்தானே மச்சான் கிடக்கு. பிடிபட்டாலும் அவங்களை வீட்டைதானே அனுப்புவாங்கள்” என்றான்.

படம் முடிந்து கோப்பி குடிக்கும்போது கீரன் வழக்கைப் பற்றி விசாரித்தான். தயாவுக்கு ஆங்கிலம் தட்டுத்தடுமாறித்தான் வரும், நானே சொன்னேன். வந்த புதிதில் நடந்த அகதி நேர்முகத்தில் தயா, “அவங்கள் வீட்டை வந்து என்னை வெருட்டினவங்கள்” என்று சொல்லியிருக்கிறான். மொழிபெயர்க்க வந்தவர் தமிழ்நாட்டுக்காரர். வெருட்டுவது என்றால் எங்களுக்குப் பயமுறுத்துவது, கொன்றுபோடுவேன் என்று சொல்வது. அவர் காதில் அது விரட்டுவது என்று விழுந்தது. வீட்டுக்கு வந்து விரட்டிவிட்டார்கள் என்று ஆங்கிலத்தில் சொல்லிவிட்டுத் தண்ணீர் குடித்திருக்கிறார். மறுப்புக் கடிதத்தில் அதையே திருப்பிக் கேட்டிருந்தார்கள்: உன்னை விரட்டிவிட்டவர்களுக்கு நீ தேவையில்லை என்றுதானே அர்த்தம், பிறகு எதற்குப் பயப்படுகிறாய்? எனக்கு வாய்த்த மொழிபெயர்ப்பாளர் யாழ்ப்பாணத்துச் சாவகச்சேரிக்காரர். எங்கள் இரண்டு பேருக்கும் உள்ள வித்தியாசம் அவ்வளவுதான்.

கீரன் தாடையைச் சொறிந்தான். “துரத்துவது, பயமுறுத்துவது. இரண்டும் கிட்டத்தட்ட ஒன்றுதானே?”

“கிட்டத்தட்ட இல்லை. இவனுக்குப் பதினான்கு வருஷம்” என்று சொல்லிவிட்டு எழுந்து வந்துவிட்டேன்.

அந்த மொழிபெயர்ப்பாளரை நான் இத்தனை வருஷமாகத் திட்டாத திட்டில்லை. எங்கள் தமிழ் தெரியாவிட்டால் அந்தக் கதிரையில் ஏன் போய் இருக்கிறான் என்று கலியாண வீடுகளில், செத்த வீடுகளில், யார் கிடைத்தாலும் பிடித்துவைத்துச் சொல்லியிருக்கிறேன். அதனால்தான் தயாவின் சட்டத்தரணி, அந்தச் சொல்லின் பொருளைச் சொல்ல என்னையே சாட்சியாகக் கேட்டார். இரண்டு சொல்லையும் ஆங்கில எழுத்தில் எழுதி விளக்கிக் கடிதம் கொடுத்தேன்.

செவ்வாய்க்கிழமை காலை, சின்ன அறை, மூக்குக்கண்ணாடி போட்ட பெண் நீதிபதி. மொழிபெயர்க்க வந்தது இங்கேயே பிறந்து வளர்ந்த ஒரு பிள்ளை, என்னை “அங்கிள்” என்றாள். முதலில் எல்லாம் நன்றாகவே போனது. பிறகு எதிர்த்தரப்புச் சட்டத்தரணி எழுந்தான். வயது முப்பதுகூட இராது.

“நீங்களும் யாழ்ப்பாணத்தவர்தானே? கடிதத்தைப் பார்க்காமல் சொல்லுங்கள். அவர்கள் என்னை அச்சுறுத்தினார்கள் என்பதை உங்கள் வீட்டில் எப்படிச் சொல்வீர்கள்?”

வீட்டில் என்றதும் என் குசினி அடுப்படிதான் கண்ணில் வந்தது. என் மனைவி திருச்சிக்காரி. அவளோடும் பிள்ளைகளோடும் கதைத்துக் கதைத்து வாயில் ஏறிய தமிழ், கேட்காமலே வந்துவிட்டது.

“என்னை மிரட்டினாங்க.”

அந்தப் பிள்ளை பயமுறுத்தினார்கள் என்றே சரியாக மொழிபெயர்த்தாள். ஆனால் சட்டத்தரணி கடிதத்தில் விரலை வைத்து, “இங்கே எழுதியிருப்பது வேறு சொல் போல் கேட்கிறதே. மூன்றாவதாகவும் ஒன்று இருக்கிறதா?” என்றான். “வெருட்டினவங்கள், வெருட்டினவங்கள்” என்று அவசரமாகச் சொன்னேன். பாடமாக்கி ஒப்புவிக்கிற மாதிரி எனக்கே கேட்டது. நீதிபதி ஏதோ எழுதிக்கொண்டார். நான் தயாவைப் பார்க்கவில்லை.

முடிவு தபாலில் வரும் என்றார்கள். பஸ் பிடித்து வந்தோம். எங்கள் தரிப்பிடத்தில் இறங்கிய பிறகுதான் அவன் வாயைத் திறந்தான். கோபமே இல்லை, உண்மையாகவே தெரியாமல் கேட்கிற குரல்.

“நீ அங்கை ஆற்றை தமிழிலை கதைச்சனீ, மச்சான்?”

யாருடைய தமிழ்? கீரனிடமிருந்து எழுந்து வந்ததுபோல இவனிடமிருந்து விலகி வர முடியவில்லை. அவன் என்னைத் தாண்டி நடந்து, வீட்டுக் கதவைத் திறந்து, மாடிக்குப் போய்விட்டான். மனைவி குசினியிலிருந்து எட்டிப் பார்த்து, “என்னாச்சுங்க? நல்லா சொன்னீங்களா?” என்று கேட்டாள். மேலே அவன் அறைக்குள் நடக்கிற சத்தம் கேட்டது. அவளுக்குப் பதில் சொல்ல வாயெடுத்தேன். எந்தத் தமிழ் வந்து விழுமோ என்று பயமாக இருந்தது. சப்பாத்துக் கழற்றாமல், கதவையும் சாத்தாமல் வாசலிலேயே நின்றேன்.