யோகட் கப்பில் ஊற்றிய நீலபானம்

மண்ணெண்ணெய் இல்லாமல் வள்ளங்களெல்லாம் கரையில் கிடந்த வருசம், வஸீர் நானாவின் கடைக்கு முன்னால் விடியவே எண்ணெய்க் கான்களை வரிசையில் வைத்துவிடுவோம். ஒருநாள் நவநாள் பூசைக்கு மணி அடித்தது. நான் கானை அப்படியே விட்டுவிட்டுக் கோயிலுக்கு ஓடினேன். திரும்பி வரப் பத்து மணி. என் கானை ஆரும் தூக்கி ஓரமாய் வைத்திருப்பார்கள் என்று நினைத்தேன். அது முன்னுக்கு, மூன்றாவதாய் நின்றது. மாதா பார்த்துக்கொண்டா என்று சிலுவை போட்டுக்கொண்டு எண்ணெய் வாங்கினேன்.

கன நாளைக்குப் பிறகுதான் வஸீர் நானா சொன்னார்: "மாதாவோ? கருவாட்டு வாடியில மீன் வெட்டுற றஞ்சிதம்தான் உங்கட கானைக் காலால தள்ளித் தள்ளிக் கொண்டுவந்தது. அவ தனக்கு எண்ணெய் வாங்கக் கொண்டுவந்தது ஒரு சோடாப் போத்தல் மட்டும்தான்."

அவ என்னிடம் அதைப் பற்றி ஒரு சொல்லும் சொல்லவில்லை.

றஞ்சிதம் பிறந்தது மலைநாட்டில், தேயிலைத் தோட்டத்துக் கூலி லயத்தில். எழுபத்தேழு இனக் கலவரத்தில் தகப்பன் தோளில் இருந்து இந்தப் பக்கம் வரும்போது ஆறு வயது. கட்டுக்கரைப் பக்கம் வயல் கூலி, பிறகு கலியாணம். யுத்தத்தில் புருசன் செத்துப்போனார். மகள் கிருஷாந்தியைக் கையில் பிடித்துக்கொண்டு எங்கள் ஊருக்கு வந்து கருவாட்டு வாடியில் வேலைக்குச் சேர்ந்தவ. எங்களைப்போல வேதக்காரிதான். ஞாயிறு முதல் பூசைக்குக் கடைசி வாங்கில் இருப்பா. அங்கே இருக்கச் சொல்லி ஆரும் சொன்னதில்லை. முன்னுக்கு வரச் சொல்லியும் ஆரும் சொன்னதில்லை.

மண்ணெண்ணெய் இல்லாத அந்த வருசத் திருவிழாவுக்கு எமிலியானுஸ் அண்ணாவியார் ஒரு புதுக்கூத்து எழுதிப் பழக்கினார். நீலவாரி என்று கடலுக்கடியில் ஒரு தேசம், முழுக்க அவருடைய கற்பனை. அங்கே ராசா முடிசூடும்போது நீலபானம் கலப்பார்கள். உண்மையான ராசா கை வைத்தால் நீலம் ஊதாவாக மாறும். மாறினதும் ராசா முதல் பல்லக்குக் காவுகிறவன் வரை ஒரே கிண்ணத்தில் ஒவ்வொரு மிடறு குடிக்கவேண்டும். துரோகிக்கு மட்டும் புறம்பாகத் தேங்காய்ச் சிரட்டையில் ஊற்றிக் கொடுப்பார்கள். அதைக் குடித்தவன் அந்தத் தேசத்தில் இருக்கக்கூடாது.

நீலத் தண்ணிக்கு எங்கே போகிறது என்று அண்ணாவியார் தலையைப் பிய்த்தார். பழக்கம் பார்க்க வந்திருந்த றஞ்சிதம்தான் வழி சொன்னா.

"சங்குப்பூவ சுடுதண்ணியில ஊற வைங்க ஐயா. ராசா கைக்குள்ள ஒரு துண்டு தேசிக்காய் இருந்தாப் போதும். பிழிஞ்சா அந்தப் புளியில நெறம் மாறிரும்."

"இவ்வளவு நாளும் இந்த வித்தையை எங்க ஒளிச்சு வச்சிருந்தனீர்?"

"யாரும் கேக்கலையே ஐயா."

இரண்டு மாதம் பழக்கம் நடந்தது. வாடி வேலை முடிய வந்து, பனங்கட்டி போட்டு அவவே பானம் கலப்பா. பாட்டெல்லாம் அவவுக்குப் பாடம். துரோகி வேசக்காரன் சிரட்டை வாங்கும் கட்டத்தில் பாட்டை மறந்தால், பின்னுக்கிருந்து அடி எடுத்துக் கொடுப்பா.

கறன்ட் வெட்டுக்குப் பயந்து கூத்தைப் பின்னேரம் மூன்று மணிக்கே போட்டோம். எங்கள் ஊரில் ஒரு வழக்கம் இருக்கிறது. மேடையில் பங்கிடுகிற எதையும் கூத்து முடிய உழைத்த எல்லாருக்கும் கொடுக்கவேண்டும். உடுப்புத் தைத்தவள் நான் என்றபடியால் பங்கிடக் கிண்ணத்தை என் கையில் தந்தார்கள். மத்தளக்காரர், பந்தல் போட்டவர்கள், பக்கப்பாட்டுக்காரர் என்று முப்பது வாய் பட்டிருக்கும். றஞ்சிதம் ஈரக்கையைச் சீலையில் துடைத்துக்கொண்டு வந்து நின்றா.

எடித் மச்சாள் என் காதுக்குள் சொன்னா: "றெபேக்கா, தோட்டக்காட்டாள் வாய் வச்ச பிறகு எங்கட ஆக்கள் குடிப்பினமோ? இன்னும் பத்துப் பேர் நிக்கினம்."

பக்கத்தில் பிள்ளைகள் சாப்பிட்ட யோகட் கப் ஒன்று கழுவிக் கிடந்தது. நான் அதை எடுத்தேன். ஊற்றினேன்.

"கொரோனாக் காலம்தானே றஞ்சிதம்," என்றேன். "புறம்பாக் குடிச்சாப் பயமில்லை."

சனம் எல்லாம் திரும்பிப் பார்த்தது. அவ கப்பைப் பார்த்தா, என்னைப் பார்த்தா. ஒரே மிடறில் குடித்தா. கப்பைக் கழுவி, கவிழ்த்து வைத்துவிட்டுப் போனா.

அண்ணாவியார் மெதுவாய் என் பக்கத்தில் வந்தார். "நான் எழுதின கட்டம்தான் பிள்ளை. துரோகி ஆரெண்டதை மட்டும் நீ மாத்திப்போட்டாய்."

வஸீர் நானா கானின் கதையைச் சொன்னது இதற்குப் பிறகுதான். முதலே தெரிந்திருந்தால் அப்படிச் செய்திருக்கமாட்டேனோ என்று யோசித்துப் பார்க்கிறேன். எடித் மச்சாள் பக்கத்தில் நின்றிருந்தால் செய்திருப்பேன். அதுதான் எனக்கு வெட்கம்.

இதைப் பாவசங்கீர்த்தனத்தில் சொன்னேன். "என்னட்டச் சொன்னது சரி. அவவிட்டச் சொன்னனீங்களோ?" என்று ஃபாதர் கேட்டார். இல்லை. ஞாயிறு தோறும் நற்கருணை வாங்கப் போகையில் அவவைக் கடந்து போவேன். அவ சிரிப்பா. நான் நிலத்தைப் பார்ப்பேன். ஒரு வருசம் இப்படிப் போனது.

பிறகு கிருஷாந்திக்குக் கட்டுக்கரைப் பக்கம் கலியாணம் சரிவந்து, தாயையும் தன்னோடு கூப்பிட்டுவிட்டாள். அவ போகிற நாளை வாடியில் கேள்விப்பட்டு, அண்ணாவியார் வீட்டில் அந்தக் கிண்ணத்தை இரவல் வாங்கினேன். நானே பானம் கலந்து, துணியால் மூடிக்கொண்டு முதல் பஸ்ஸுக்கு முன்னமே பஸ் நிற்கிற சந்திக்குப் போனேன். ஊர் எழும்ப முதல் போனால் நல்லது என்று நினைத்தேன்.

இந்த வருசமும் அதே கூத்துத்தான். ஊருக்கு உழைத்த ஒருவரைப் பற்றித் திருவிழா மலருக்கு எழுதச் சொன்னார் ஃபாதர். இதுதான் அது. எடித் மச்சாளும் இதை வாசிப்பா. வாசிக்கட்டும்.

சந்தியில் றஞ்சிதம் ஒரு பெட்டியோடு தனிய நின்றா. "அண்டைக்கு நான் செய்தது பெரிய பிழை. மன்னிச்சுக்கொள்ளுங்கோ. முதல் நீங்கள் குடியுங்கோ, பிறகு நான் குடிக்கிறன்," என்று கிண்ணத்தை நீட்டினேன்.

துணியை விலக்கிப் பார்த்தா. "பூவ கொதிக்க விட்டுட்டீங்களாக்கா? நெறம் செத்துப்போச்சு," என்று சிரித்தா. பிறகு ரோட்டின் அந்தப் பக்கமும் இந்தப் பக்கமும் பார்த்தா. ஒரு நாய் கூட இல்லை. துணியைத் திரும்ப மூடி, கிண்ணத்தோடு சேர்த்து என் கையைக் கொஞ்ச நேரம் பிடித்துக்கொண்டு நின்றா. பஸ் வந்தது. பெட்டியை ஏற்றிவிட்டு, படியில் நின்று சொன்னா:

"கோவமில்லக்கா. அன்னைக்கு எல்லாரும் பாத்துக்கிட்டு இருந்தாங்க. இன்னைக்கு நீங்களும் நானுந்தான். எல்லாரும் இருக்கிறப்ப கூப்பிடுங்க, வந்து குடிக்கிறேன்."