ஹார்க்னஸ் வக்கீலின் மூன்று தேர்தல்கள்

வக்கீல்கள் என்றாலே எனக்கு ஆகாது. இரண்டு பேர் அடித்துக்கொண்டால் மூன்றாவது ஆளின் வயிறு நிறைகிற தொழில் அது. நான் இரும்படிக்கிறவன், அப்படித்தான் பேசுவேன். ஆனால் ஜேபஸ் ஹார்க்னஸைப் பற்றிப் பேச்சு வந்தால் மட்டும் என் வாய் அடங்கிவிடும்.

கென்டக்கியிலிருந்து இல்லினாய்க்கு, எங்கள் குரோ ஓடை ஊருக்கு, அவர் வந்தபோது ஒரு கிழட்டுக் குதிரையும் இரவல் வாங்கிய ஒரு சட்டப் புத்தகமும்தான் கொண்டுவந்தார். மரம் வெட்டிக்கொண்டே அந்தப் புத்தகத்தை மனப்பாடம் செய்து வக்கீலானார். நீதிபதி ஊர் ஊராகக் குதிரையில் போய் வழக்குக் கேட்ட காலம் அது. ஹார்க்னஸும் சேற்றில் பின்னாலேயே போவார். சத்திரத்தில் எதிர்த்தரப்பு வக்கீலோடு ஒரே கட்டிலில் தூங்கி எழுந்து, காலையில் அதே ஆளை நார் நாராகக் கிழிப்பார்.

அவருக்கு இருந்தது ஒரே ஆசை. சட்டசபைக்குப் போய் ஒரு சட்டம் கொண்டுவர வேண்டும். அடுத்தவன் நிலத்தில் ஒருவன் தன் கையால் வீடோ பட்டறையோ கட்டியிருந்தால், அவனை வெளியேற்றும்போது நிலக்காரன் அதற்கு ஈடு கொடுத்தாக வேண்டும். எங்கள் பக்கத்தில் பாதி நிலம் கர்னல் ஸ்ட்ரவுட்டுடையது. என் பட்டறை நின்ற இடமும் அவருடையதுதான். அந்தச் சட்டம் வந்துவிடக் கூடாது என்றே கர்னலும் எதிர்த்து நின்றார்.

அப்போது எங்களிடம் ஓட்டுச் சீட்டு கிடையாது. நீதிமன்றத்து மேசை முன்னால் நின்று, நமக்கு வேண்டிய வேட்பாளரின் பெயரை உரக்கச் சொல்ல வேண்டும். வேட்பாளர்கள் இருவரும் பக்கத்திலேயே நாற்காலி போட்டு உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருப்பார்கள். வேட்பாளர் தன் ஓட்டை எதிராளிக்குப் போடுவதுதான் மரியாதை. தனக்கே போட்டுக்கொள்கிறவனை, பந்தியில் முதலில் தன் தட்டை நிரப்பிக்கொண்டவனைப் போலப் பார்ப்போம். எனக்கு எழுதப் படிக்கத் தெரியும் என்பதால் ஓட்டுகளைக் குறித்துக்கொள்ள என்னை உட்கார வைத்தார்கள்.

அந்த ஆகஸ்ட் திங்கட்கிழமை முதல் ஓட்டு என்னுடையது. கர்னல் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். "ஸ்ட்ரவுட்" என்றேன்.

"நல்லாருப்பா ஈனோஸ்" என்றார் கர்னல். ஹார்க்னஸ் பக்கம் நான் திரும்பவே இல்லை.

அடுத்து கர்னல் எழுந்து, கூச்சமே இல்லாமல் தன் பெயரையே சொன்னார். கூட்டம் முனகியது. ஓடக்காரன் சைலஸ், "கண்ணாடியப் பாத்து முத்தம் குடுத்துக்கற ஆளு போலிருக்கே" என்றான். எல்லாரும் சிரித்தார்கள், கர்னலைத் தவிர.

பொழுது சாயும்போது ஆளுக்கு நூற்றுப் பதினெட்டு. ஓட்டுப் போடாமல் மிச்சமிருந்தவர் ஹார்க்னஸ் ஒருவர்தான். சைலஸ் மேசை மேல் சாய்ந்துகொண்டு கெஞ்சினான்.

"வக்கீலய்யா, உங்க பேரச் சொல்லிருங்க. அந்த மனுசனே வெக்கங்கெட்டுச் சொன்னாரு. உங்கள யாரும் ஒண்ணும் கேக்க மாட்டோம்."

"நீங்க கேக்க மாட்டீங்க. நான் கேப்பேன்ல?" என்றார் ஹார்க்னஸ். பிறகு தொப்பியைக் கழற்றிவிட்டு, நிதானமாக, "ஸ்ட்ரவுட்" என்றார்.

எனக்குப் பேனா ஓடவில்லை. "எழுதுப்பா" என்றார். எழுதினேன். ஒரே ஓட்டில் தோற்றார். காலையில் நான் வேறு பெயரைச் சொல்லியிருந்தால், அவர் மரியாதையும் நின்றிருக்கும், ஜெயித்தும் இருப்பார்.

மறுநாள் குதிரைக்கு லாடம் அடிக்க என்னிடமே வந்தார். எனக்குப் பொறுக்கவில்லை.

"என்னாலதான் தோத்தீங்க வக்கீலய்யா."

"ஆமா" என்றார். ஏதாவது சமாதானம் சொல்வார் என்று எதிர்பார்த்திருந்தேன். "அந்தாளு நிலத்துல நின்னுக்கிட்டு அந்தாளுக்கு எதிரா நீ எப்படி வாயத் தொறப்ப? அதுக்குத்தானப்பா அந்தச் சட்டமே வேணுங்கறேன். அடுத்த தடவையும் நிப்பேன். சரி, அந்தப் பின்னங்காலப் பாரு, நொண்டுது."

இப்படியும் ஒரு மனிதனா என்று பிரமித்துப்போனேன். ஆனால் பிரமிப்பு வேறு, தைரியம் வேறு. இரண்டு வருஷம் கழித்து அவர் மறுபடி நின்றபோது, காய்ச்சல் என்று சொல்லிப் படுத்துக்கொண்டேன். அவர் மறுபடி தோற்றார். தோற்ற கையோடு கோழி சூப் எடுத்துக்கொண்டு என் காய்ச்சலை விசாரிக்க வந்தார். ஒரு வாய் கூட எனக்கு இறங்கவில்லை.

மூன்றாவது தேர்தலில் முதல் ஆளாகப் போய் நின்றேன். கர்னல் பார்த்துக்கொண்டுதான் இருந்தார். "ஹார்க்னஸ்" என்றேன். எனக்குப் பின்னால் வந்த கர்னலின் குத்தகைக்காரர்களில் பதினோரு பேர் அதே பெயரைச் சொன்னார்கள். ஹார்க்னஸ் தன் ஓட்டைக் கர்னலுக்குப் போட்டுவிட்டு, ஒன்பது ஓட்டில் ஜெயித்தார்.

அந்த வாரமே கர்னல் என்னை வெளியேற்றினார். சட்டம் நிறைவேற ஜனவரி ஆகிவிட்டது. போன பட்டறைக்கு அது செல்லாது. ஓடைக்கரையில் கூடாரம் போட்டுக் குளிரில் கிடந்தபோது தலைநகரிலிருந்து ஒரு கடிதம் வந்தது. ஹார்க்னஸ் அந்தச் சட்டம் முழுவதையும் தன் கையால் எழுதி அனுப்பியிருந்தார். கீழே ஒரு வரி: "ஈனோஸ், உன்னை வெளியேற்றுவதற்கு முன்பாக இதைக் கொண்டுவர என்னால் முடியவில்லை. என்னை மன்னித்துவிடு."

இரண்டு முறை அவரைக் கைவிட்டவன் நான். என்னிடம் அவர் மன்னிப்புக் கேட்டிருந்தார். நான் வாய்விட்டு அழுதேன்.