மெர்வின் சார் திருப்பி அனுப்பிய குட்டிக்கோஸ்

2025 ஜனவரி 8 — 250 கிராம் — ரூ. 180
ஜனவரி 22 — 250 கிராம் — ரூ. 195
ஜனவரி 29 — 400 கிராம் — ரூ. 312
பிப்ரவரி 5 — 250 கிராம் — ரூ. 190
பிப்ரவரி 12 — 500 கிராம் — ரூ. 370
மொத்தம் — 1 கிலோ 650 கிராம் — ரூ. 1,247

ஐந்தும் புதன்கிழமைகள். ஐந்து முறையும் வாங்கியது ஒரே காய். எலுமிச்சம்பழத்தைவிடச் சிறியதாக, முட்டைக்கோஸை யாரோ கைக்குள் வைத்து இறுக்கிப் பிடித்ததுபோல இருக்கும். கடையில் ‘பிரஸ்ஸல்ஸ் ஸ்ப்ரவுட்ஸ்’ என்று சீட்டு ஒட்டியிருந்தார்கள். ஊட்டிப் பக்கம் விளைவது. ராஜகீழ்ப்பாக்கம் வட்டாரத்தில் மேடவாக்கத்துப் பெரிய கடை ஒன்றில் மட்டும், பனிக்காலத்தில் மட்டும் கிடைப்பது. ஜெயக்கொடி அதற்குக் குட்டிக்கோஸ் என்று பெயர் வைத்தாள். கோபம் வந்தபோது வைத்த பெயர்கள் எழுதத் தக்கவை அல்ல.

ஜெயக்கொடிக்கு அப்போது நாற்பத்தாறு வயது. ராஜகீழ்ப்பாக்கத்தில் இருபத்தொரு பேர் தங்கியிருக்கும் ஒரு முதியோர் இல்லத்தில் சமையல் வேலை. 2024 செப்டம்பர் 1 அன்று சேர்ந்தாள். ஆறு மாதம் தற்காலிகம். அதற்குள் உணவுக் குழுத் தலைவர் கையெழுத்துப் போட்டுப் பரிந்துரைத்தால், இல்லத்தை நடத்தும் அறக்கட்டளை வேலையை உறுதி செய்யும். உறுதியானவர்களுக்கு இல்லத்தின் பின்கட்டில் இரண்டு அறை கொண்ட ஒரு வீடு உண்டு. ஜெயக்கொடிக்குச் சம்பளத்தைவிட அந்த வீடுதான் முக்கியம். அவள் வாடகைக்கு இருந்த வீட்டை இடித்து அடுக்குமாடி கட்டப் போகிறார்கள். பிப்ரவரி 28க்குள் காலி செய்யச் சொல்லியாகிவிட்டது. மகள் ஓவியா பிளஸ் டூ. பரீட்சை மார்ச் 3 அன்று தொடக்கம். பள்ளிக்கூடம் இல்லத்திலிருந்து ஏழு நிமிட நடை.

உணவுக் குழுத் தலைவர் மெர்வின் சார். எழுபத்தெட்டு வயது, ஓய்வு பெற்ற தலைமை ஆசிரியர், இங்கிலாந்தில் மகன் வீட்டில் பதினோரு வருடம் இருந்துவிட்டுத் திரும்பி இந்த இல்லத்தில் சேர்ந்தவர். ‘விருப்ப நாள்’ என்ற ஏற்பாட்டைக் கொண்டு வந்தவரும் அவர்தான். புதன்கிழமை தோறும் ஒருவர் முறை. அவர் கேட்கும் ஒரு பதார்த்தத்தை மதியச் சாப்பாட்டில் வைக்க வேண்டும். பக்குவம் சரியில்லை என்றால் அவர் அடுத்த புதனும் கேட்கலாம். திருப்தி ஏற்படும்வரை முறை அடுத்தவருக்குப் போகாது. ஒருவருடைய விருப்பம் பாக்கி இருக்கும்போது சமையல்காரர் பரிந்துரையில் கையெழுத்து இல்லை. இதெல்லாம் அவரே எழுதி, சாப்பாட்டுக் கூடத்தில் ஒட்டிய விதிகள்.

ஜனவரியில் அவர் முறை வந்தது. குட்டிக்கோஸ் கேட்டார்.

“கோஸ்தானே சார்? முடிச்சிட்லாம்” என்றாள் ஜெயக்கொடி. பதிமூன்று வருடம் கல்யாணச் சமையல் கோஷ்டியில் காய்கறிப் பொறுப்பு அவளுடையது. ஒரு முகூர்த்தத்துக்கு நாற்பது கிலோ கோஸ் அரிந்த கை. கால் கிலோ அவளுக்கு எந்த மூலைக்கு?

முதல் புதன், முட்டைக்கோஸ் பொரியல் செய்வதுபோலவே செய்தாள். தண்ணீர் தெளித்து மூடி போட்டு வேகவைத்துத் தேங்காய் தூவினாள். மூடியைத் திறந்ததும் அழுகிய முட்டை வாடை கூடம்வரை போனது.

“டெபோரா, கீழ பாத்ரூம்ல எவரோ தண்ணி ஊத்தாம வந்துட்டாங்க பாரு!” என்று சத்தம் போட்டார் புஷ்பம் அம்மாள். விருப்ப நாள் வரிசையில் மெர்வின் சாருக்கு அடுத்தவர். நெத்திலிக் குழம்புக்காகக் காத்திருந்தவர்.

இல்லத்தின் மேலாளர் டெபோரா மூக்கைப் பொத்திக்கொண்டு சமையலறைக்குள் எட்டிப் பார்த்துவிட்டுப் போனாள். சாப்பாடு முடிந்ததும் மெர்வின் சாரின் தட்டோடு ஒரு துண்டுச் சீட்டு வந்தது. ‘வெந்தது அதிகம். மணம் சகிக்கவில்லை.’

அடுத்த வாரம் மாட்டுப் பொங்கல். விருப்ப நாள் இல்லை. அதற்கடுத்த புதன் பாசிப்பருப்பு போட்டுக் கூட்டாக வைத்தாள். வாடை அடங்கியது. சீட்டு வந்தது: ‘கூட்டு நன்று. நான் கேட்டது கூட்டு அல்ல.’

மூன்றாம் புதன், மைதாவும் மிளகாய்த்தூளும் பிசறிக் காலிஃபிளவர் மாதிரி எண்ணெயில் பொரித்தாள். மற்றவர்கள் ஆளுக்கொன்று கேட்டு வாங்கிச் சாப்பிட்டார்கள். சீட்டு: ‘மசாலா நன்று. காய் எங்கே?’

அந்தச் சீட்டை எடுத்துக்கொண்டு நேராக அவர் அறைக்கே போய்விட்டாள்.

“இன்னா சார் இது? எப்டி இருக்கணும்னு வாயத் தொறந்து சொன்னாதான சார் செய்ய முடியும்? மூணு வாரமா சீட்டுலயே பேசிக்கினு கீறீங்க.”

மெர்வின் சார் மூக்குக் கண்ணாடியைக் கழற்றினார். “நான் சாப்பிட்டவன்மா, சமைச்சவன் இல்ல. குழையக் கூடாது, நாறக் கூடாது. ஒரு பக்கம் நல்லா செவந்திருக்கும். கடிச்சா லேசா இனிக்கும்.”

“இனிக்குமா? சக்கர போடட்டா?”

“ஐயோ, வேணாம். எனக்கு சுகர் இருக்கு.”

“அப்ப எப்டி சார் இனிக்கும்? சும்மா சொன்னா இனிச்சிடுமா?”

“அங்க எங்க வீட்ல இனிச்சுதே” என்று சொல்லிவிட்டுக் கண்ணாடியை மாட்டிக்கொண்டார். அதற்கு மேல் அவரிடமிருந்து எதுவும் பெயரவில்லை.

ஓவியாவின் கைப்பேசியில் தாயும் மகளுமாக ஒன்பது வீடியோ பார்த்தார்கள். எட்டில் அடுப்புக்குப் பதிலாக மின்சார ஓவன். இல்லத்தில் அது கிடையாது. ஒன்பதாவதில் ஒருத்தி இரண்டாக வெட்டி, வெட்டிய பக்கம் கீழே படும்படி இரும்புச் சட்டியில் அடுக்கி, மூடாமல் வறுத்தாள். ஜெயக்கொடிக்கு நம்பிக்கை வந்தது. தோசைக்கல் இருக்கிறதே!

பிப்ரவரி 5 அன்று அப்படியே செய்தாள். கல்லில் வைத்ததும் சொய்யென்று ஆவி கிளம்பி எண்ணெய் முகத்தில் தெறித்தது. காய் சிவக்கவில்லை, கல்லோடு ஒட்டிக்கொண்டது. தீயைக் கூட்டினாள். ஓரங்கள் கருகின. நடுவில் அமுக்கினால் தண்ணீர் வந்தது. சீட்டு: ‘வெளியே கருகல். உள்ளே தண்ணீர்.’

“போன சென்மத்துல இந்த ஆளுக்கு நான் சோறு போடாம வெரட்டிட்டேன் போல கீது” என்று டெபோராவிடம் புலம்பினாள். “நீயாச்சும் சொல்லும்மா, விட்டுடச் சொல்லி. இருவது பேரு நல்லாக்கீதுன்னு சாப்டுறாங்க. ஒருத்தருக்காவ என் வூடு போவணுமா?”

“நான் சொல்லிப் பாத்துட்டேங்க்கா. ‘விதியை எழுதினவனே மீறலாமா’ன்னு கேக்கறாரு. அவர் மேல எனக்கும்தான் கடுப்பு. புஷ்பம் அம்மா தினம் என் ரூமுக்கு வந்து நெத்திலி நெத்திலின்னு உயிரை வாங்கறாங்க.”

புஷ்பம் அம்மாள் வாசலிலேயே நின்றிருந்தார். “ஆமா, வாங்கறேன். எனக்கு எம்பத்தி மூணு ஆவுது. இந்த மனுஷன் இனிப்புக் கோஸ் சாப்பிட்டு முடிக்கறதுக்குள்ள எனக்குப் பெட்டி செஞ்சிடுவாங்க. ஜெயக்கொடி, அடுத்த வாரமும் சொதப்பினேன்னு வையி, நானே அடுப்படியில எறங்கிடுவேன்.”

பிப்ரவரி 12. அரைக் கிலோ வாங்கி வைத்திருந்தாள். முதல் தடவை கெட்டால் உடனே இரண்டாம் தடவை செய்யலாம் என்ற கணக்கு. காலை எட்டு மணிக்கு வரவேண்டிய தண்ணீர் லாரி ஒன்பதே முக்காலுக்கும் வரவில்லை. டெபோரா மூன்று முறை போன் செய்தாள். மேடவாக்கம் சிக்னலில் மாட்டியிருப்பதாக ஒரு முறை சொன்னார்கள். அடுத்த இரண்டு முறை எடுக்கவே இல்லை.

“அக்கா, குடிக்கிற தண்ணி கேன் நாலு இருக்கு. சோறு, ரசம், தாத்தாங்க மாத்திரை போட, எல்லாத்துக்கும் அவ்ளோதான்.”

“காய அலசுறதுக்கு?”

“துணிய நனைச்சுத் தொடச்சுக்கோங்க.”

ஜெயக்கொடி அப்படியே நின்றுவிட்டாள். கோஸ், காலிஃபிளவர் எதுவானாலும் சுடுதண்ணீரில் உப்பும் மஞ்சளும் போட்டு அரை மணி நேரம் ஊறவைக்காமல் அவள் கத்தியைத் தொட்டதில்லை. பத்து வருடத்துக்கு முன் ஒரு கல்யாணப் பந்தியில் மாப்பிள்ளையின் தாய்மாமன் இலையில் காலிஃபிளவரோடு ஒரு புழுவும் விழுந்தது. கோஷ்டிக்குப் பேசிய கூலி முழுதும் நின்றது; தலைமைச் சமையல்காரர் அத்தனை பேர் நடுவில் அவளைப் பெயர் சொல்லித் திட்டினார். அன்றிலிருந்து மஞ்சள் தண்ணீர் அவளுக்கு வேதம். இந்தக் குட்டிக்கோஸையும் நான்கு புதன்களும் அரை மணி ஊறவைத்த பிறகுதான் வெட்டினாள். அதை ஒரு வேலையாகக்கூட அவள் எண்ணியதில்லை. கை கழுவுவது மாதிரி.

“காய்ல புழு கெடந்தா என்னைக் கேக்கக் கூடாது, சொல்லிட்டேன்” என்று டெபோராவிடம் கத்திவிட்டு உட்கார்ந்தாள். முப்பத்தொரு காய். ஒவ்வொன்றாக மேல் இலையை உரித்து, ஈரத்துணியால் துடைத்து, இரண்டாகப் பிளந்து, வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். அறுபத்திரண்டு பாதிகளிலும் புழு இல்லை. இலைகள் ஒன்றோடொன்று அப்படி இறுகிக் கிடந்தன, ஊசிகூட நுழையாது.

கல்லைக் காயவைத்து நல்லெண்ணெய் விட்டாள். வெட்டிய பக்கம் கீழே படும்படி அடுக்கினாள். இந்த முறை ஆவி எழவில்லை. எண்ணெய் தெறிக்கவில்லை. சன்னமாகப் பொரியும் சத்தம் மட்டும் ஒரே சீராக வந்தது. இரண்டு நிமிடம் கழித்து ஒன்றைத் தள்ளிப் பார்த்தாள், ஒட்டாமல் நகர்ந்தது. ஆறாவது நிமிடம் புரட்டினாள். வெட்டிய முகம் தோசையின் முறுகல் நிறத்தில் சிவந்திருந்தது. அடுப்பைத் தணித்து, மறுபக்கமும் நான்கு நிமிடம் விட்டு, ஒன்றை எடுத்து ஊதி வாயில் போட்டாள்.

இனித்தது.

ஜெயக்கொடி சந்தோஷப்படவில்லை. கரண்டியைக் கீழே போட்டுவிட்டுத் தலையில் அடித்துக்கொண்டாள். “பாவி! நாலு வாரமா நானே தண்ணிய உள்ள ஏத்தி உட்டுட்டு, வெளிய வரலையே வரலையேன்னு வறுத்துக்கினு இருந்துக்கீறேன். அந்தக் கடங்காரன் லாரி நேரத்துக்கு வந்திருந்தா இன்னிக்கும் இதே கூத்துதான்!”

கடுகு, உளுத்தம்பருப்பு, காய்ந்த மிளகாய், தட்டிய பூண்டு, கறிவேப்பிலை தனியாகத் தாளித்துக் கொட்டினாள். உப்பு தூவி, அரை மூடி எலுமிச்சை பிழிந்து, தேங்காயைக் கடைசியில் ஒரு பிடி போட்டாள். மூடி வைக்கவில்லை.

மெர்வின் சார் சாம்பார் சாதத்துக்குத் தொட்டுக்கொண்டு எட்டுத் துண்டு சாப்பிட்டார். கையை நீட்டி மறுபடி கேட்டார். மேலும் ஐந்து. புஷ்பம் அம்மாள் தன் தட்டைக்கூடப் பார்க்காமல் அவர் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“இன்னா மெர்வின், ஆயிடுச்சா?”

“சாப்பிடும்போது பேசக் கூடாது, புஷ்பம்.”

“நாப்பது நாளா பேசாமத்தான இருந்தேன்!”

சீட்டு வந்தது. ‘உப்பு ஒரு சிட்டிகை குறைவு. விருப்பம் நிறைவேறியது.’

“உப்பு கொறைவாம்!” ஜெயக்கொடி சீட்டை டெபோராவின் மேசையில் அறைந்தாள். “பதிமூணு துண்டு தின்னப்ப தெரியலையா?”

“அக்கா, கீழ் வரிய மட்டும் படிங்க” என்றாள் டெபோரா.

மெர்வின் சார் அன்று மாலையே பரிந்துரையில் கையெழுத்துப் போட்டார். அடுத்த புதன் நெத்திலிக் குழம்பு நடந்தது. ஆனால் வீடு கையெழுத்தோடு கிடைத்துவிடவில்லை. பிப்ரவரி 17 அன்று அறக்கட்டளையிலிருந்து முதல் கடிதம் வந்தது: பரிந்துரை உரிய படிவத்தில் இல்லை. மெர்வின் சார் படிவம் வாங்கி, ஜெயக்கொடியின் ஆறு மாத வேலையைத் தேதிவாரியாக எழுதி, இரண்டு பக்கம் கூடுதலாக இணைத்து அனுப்பினார். பிப்ரவரி 27 அன்று இரண்டாவது கடிதம்: உறுப்பினர் போதாமையால் கூட்டம் தள்ளிவைக்கப்பட்டுள்ளது.

மறுநாள் வீட்டுக்காரர் வந்து நின்றார். கட்டிலும் பீரோவும் இல்லத்தின் அரிசிக் கிடங்குக்குப் போயின. மற்றதெல்லாம் ஒரு குட்டியானை வண்டியில் மேடவாக்கத்துக்கு, ஜெயக்கொடியின் தங்கை வீட்டுக்கு. அங்கே ஒரே அறையில் ஆறு பேர். ஓவியா பாடப் புத்தகத்தைப் பேருந்தில் நின்றபடி படித்தாள். ஜெயக்கொடி ஐந்தரை மணிக்கு முதல் வண்டியைப் பிடித்து, ஆறரைக்கு அடுப்பு மூட்டினாள். மேடவாக்கத்தில் வண்டி நிற்கும் ஒவ்வொரு நிமிடமும் வாய்க்குள் திட்டிக்கொண்டே வந்தாள்: லாரியை, வீட்டுக்காரரை, படிவத்தை, கூட்டத்துக்கு வராத உறுப்பினர்களை.

“நான் எழுதினதுல ஏதாவது விட்டுப்போச்சான்னு பாக்கறேன்” என்று மெர்வின் சார் ஒரு நாள் சமையலறை வாசலில் வந்து நின்றார்.

“நீங்க ஒண்ணும் உடல சார். ஜனவரியிலயே வாயத் தொறந்து நல்லாக்கீதுன்னு ஒரு வார்த்த சொல்லியிருந்தா இந்நேரம் நான் பின்கட்டுல துணி காயப் போட்டுக்கினு இருப்பேன்.”

“ஜனவரியில நல்லா இல்லையேம்மா.”

அவள் திரும்பிப் புளியைக் கரைத்தாள்.

வேலை உறுதி செய்யப்படுகிறது, பின்கட்டு வீட்டின் சாவியை மேலாளரிடம் பெற்றுக்கொள்ளவும் என்று இரண்டே வரியில் மூன்றாவது கடிதம், ஓவியாவுக்கு இன்னும் பரீட்சை பாக்கி இருக்கும்போது, வந்த தேதி: 2025 மார்ச் 13.