மகளுக்குப் போட்ட இலை

மழைக்குக்கூடப் பள்ளிக்கூடத்துப் பக்கம் ஒதுங்காதவன் என்று என்னைச் சொன்னால் அது பொய். ஒதுங்கியிருக்கிறேன். மலேசியாவில் சாஆ என்கிற ஊருக்குப் பக்கத்தில் எங்கள் எஸ்டேட் பள்ளிக்கூடத்தின் கூரை ஒழுகும். வெளியே நின்றால்கூட அவ்வளவு நனைய மாட்டோம். அதனால் சீக்கிரமே வெளியே வந்துவிட்டேன்.

அப்படிப்பட்டவன் பின்னால் இப்போது ஞாயிற்றுக்கிழமை தோறும் படித்தவர்கள் வரிசையாக நடந்து வருகிறார்கள். ஜோகூர் பாருவின் பழைய டவுனில், சீனர்களும் நம்மவர்களும் கப்பலேறி வந்து கடை போட்ட தெருக்களில், கடை கடையாகக் கூட்டிப் போய்க் கொஞ்சம் கொஞ்சமாகச் சாப்பிட வைப்பது என் வேலை. அவர்கள் மெல்லும்போது நான் கதை சொல்ல வேண்டும். தலைக்கு ஒரு தொப்பி, கைக்கு ஒரு சின்னக் கொடி கொடுத்திருக்கிறார்கள். கொடியைத் தூக்கிப் பிடித்தால் பின்னால் வருகிறவர்கள் வழி தவற மாட்டார்களாம். கொடி பிடிக்கிறவனுக்கு வழி தெரியுமா என்று இதுவரை யாரும் கேட்டதில்லை.

முன்பு பாசீர் கூடாங் தொழிற்சாலைகளுக்கு ஆள் ஏற்றும் பஸ் ஓட்டினேன். சிங்கப்பூருக்கும் கொஞ்ச காலம் ஓட்டினேன். பிறகு இந்த நடையை நடத்தும் சீனப் பெண்ணிடம் வேன் ஓட்டச் சேர்ந்தேன். என் மகள் வயதுதான், ஆனாலும் பாஸ். ஒருநாள் கைடுக்குத் தொண்டை கட்டிக்கொண்டது. "அங்கிள், நீங்க வேன்ல பேசுற மாதிரியே தெருவுலயும் பேசிகிட்டு நடங்க லா, போதும்" என்று மலாயில் சொன்னார் பாஸ். அன்றைக்குத் திறந்த வாய் இன்னும் மூடவில்லை.

நான் சொல்கிற கதைகளில் பாதி பாஸ் சொல்லிக் கொடுத்தது. இந்தத் தெருவில் துணி வெளுக்கிறவர்கள் இருந்தார்கள், அந்தக் கடையில் இன்னமும் விறகு அடுப்பில் ரொட்டி சுடுகிறார்கள், அதெல்லாம் அவர் சொன்னது. மீதிப் பாதி, அந்த நேரத்தில் வாயில் வருவது. முதல் நிறுத்தம் பாய் கடை. அங்கே ஒரு பழைய தூண் இருக்கிறது. அதைத் தட்டிக் காட்டி, "கப்பல்ல வந்து எறங்குன அன்னிக்கு எங்க தாத்தா இதுலதான் சாஞ்சு நின்னு மொத தேத்தண்ணிய குடிச்சாரு" என்பேன், எனக்குத் தெரிந்த மலாயிலும் எனக்கே புரியாத இங்கிலீஷிலும். வந்தவர்கள் தூணைப் படம் எடுத்துக்கொள்வார்கள். என் தாத்தா எங்கள் எஸ்டேட் இருக்கிற செகாமாட் வட்டாரத்தைத் தாண்டி இந்தப் பக்கம் வந்ததே இல்லை.

பாய்க்கு இது தெரியும். தேத்தண்ணியை உயரத் தூக்கி ஆற்றிக்கொண்டே தமிழில் வம்புக்கு இழுப்பார்.

"ஏண்ணே, போன வாரம் உங்க தாத்தா அந்தாண்ட தூண்ல சாஞ்சிருந்தாரு. இன்னிக்கு இங்க வந்துட்டாரா?"

"வயசான மனுசன் பாய். ஒரே எடத்துல எவ்ளோ நேரம் நிப்பாரு? கால் வலிக்காது?"

"அப்ப ஒரு நாற்காலி போட்டுக் குடுங்கண்ணே, பாவம்."

நாங்கள் சிரிப்போம். என்னவென்று புரியாமலே வந்தவர்களும் சிரிப்பார்கள். நடை அப்படித்தான் சூடு பிடிக்கும்.

இந்த வேலையில் எனக்குப் பிடித்தது சம்பளம் இல்லை, பேச்சும் இல்லை. கடைசிக் கடையில் எல்லாரும் ஒன்றாக உட்கார வேண்டும் என்பது பாஸ் வைத்திருக்கிற விதி. கைடும் கூடவே உட்கார்ந்து சாப்பிட வேண்டும். வாரத்தில் நான் ஆட்களோடு உட்கார்ந்து சாப்பிடுகிற சாப்பாடு அது ஒன்றுதான். மற்ற நாட்களில் மாசாயில் இருக்கிற என் ஃப்ளாட்டில், பாக்கெட் மீ நூடுல்ஸை அவித்துச் சட்டியோடு தூக்கிப் பிடித்து, பாத்திரம் கழுவும் தொட்டிக்கு முன்னால் நின்றபடியே சாப்பிடுவேன். சாப்பிட்டதும் அப்படியே கழுவிவிடலாம். தட்டு மிச்சம், மேசை மிச்சம். இரண்டு நாற்காலிகளும் துணி காயப்போட உதவுகின்றன.

மனைவி போன பிறகு இப்படி ஆகிவிட்டது. மகள் சிங்கப்பூரில் வேலை செய்கிறாள், அங்கேயே ஒரு அறை வாடகைக்கு எடுத்திருக்கிறாள். அம்மா இருந்தபோது வாராவாரம் வருவாள். இப்போது எப்போதாவது வந்தாலும் செருப்பைக் கழற்றின இடத்திலேயே நின்று பேசிவிட்டுப் போய்விடுவாள். "அந்த அடுப்படியப் பாக்க முடியலப்பா" என்று ஒருமுறை சொன்னாள். தினமும் பார்க்கிறவனிடம் சொல்கிறாள். நான் அதற்கும் ஏதோ ஜோக் அடித்தேன். அடித்திருக்க வேண்டாம். அதற்குப் பிறகு போன்தான். "சாப்டீங்களாப்பா?" "சாப்டேன், நீ?" "ஆச்சு." அவ்வளவுதான் பேச்சு.

அதனால் ஒரு யோசனை செய்தேன். வீட்டுக்கு வர முடியாதவள் கடைக்கு வரலாமே? நடையின் கடைசிக் கடை, நம் ஆட்கள் தெருவில் ஒரு அக்கா நடத்தும் வாழையிலைச் சாப்பாட்டுக் கடை. சிங்கப்பூர்ப் பாலத்தைத் தாண்டி வந்தால் நடக்கிற தூரம். "நீ கெஸ்ட் மாதிரி வாம்மா. அப்பா எப்படிக் கத விடுறேன்னு வந்து பாரு" என்றேன். கொஞ்சம் யோசித்து, "சரிப்பா, ஞாயித்துக்கெழம வரேன்" என்றாள்.

இருவரும் ஒரு மேசையில் உட்கார்ந்துவிட்டால், சாப்பிட்ட பிறகு, அப்படியே வீட்டுக்கும் வந்துட்டுப் போயேன் என்று கேட்கலாம். கேட்டால் வரலாம். இதுதான் என் திட்டம். அவளுடைய அறைக் காற்றாடியைத் துடைத்தேன். கட்டிலுக்குப் புது விரிப்பு வாங்கினேன். நாற்காலிகளில் கிடந்த துணிகளை மடித்து வைத்தேன். அடுப்படிக்கு ஒரு திரை மாட்டினேன். அது கோணலாகத் தொங்கியது, ஆனால் அடுப்பு தெரியவில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமை பாய் கடையில் நிற்கும்போதே செய்தி வந்தது: பஸ் ஏறிட்டேன்பா. தூணை விட்டுவிட்டு பாயிடம் ஓடினேன்.

"பாய், மக வருது!"

"மாஷா அல்லா. அப்ப தாத்தாவ வீட்டுக்கு அனுப்பிச்சிருங்கண்ணே. அந்தப் புள்ளைக்குத் தெரியும், சிரிச்சிடும்."

"சிரிக்கட்டும் பாய். அதுக்குத்தான வரச் சொன்னேன்."

அன்றைக்கு வந்திருந்தவர்கள் சிங்கப்பூரிலிருந்து ஒரு சீனக் குடும்பம். அப்பா, அம்மா, வளர்ந்த இரண்டு பெண்கள். அவர்களிடமும் சொன்னேன். அந்த அம்மா, "நல்லது, நல்லது" என்று மலாயில் சொல்லிச் சிரித்தார். விறகு அடுப்பு ரொட்டிக் கடைக்கு முன்னால் வரிசையில் நின்றபோது இன்னொரு செய்தி: பாலத்துல ஜாம்பா. அது எதிர்பார்த்ததுதான். ஞாயிற்றுக்கிழமைப் பாலம் எப்போது காலியாக இருந்திருக்கிறது? ரொட்டிக் கதையை இழுத்தேன். கேட்கிறவர்கள் ரொட்டியை எப்போதோ தின்று முடித்திருந்தார்கள். நான் இன்னும் விறகை வெட்டிக்கொண்டிருந்தேன்.

வாழையிலைக் கடைக்குப் போய்ச் சேர்ந்தபோது கூட்டம் நெருக்கியது. அக்கா எங்களுக்கென்று நீள மேசை ஒன்றைப் பிடித்து வைத்திருந்தார். கதவைப் பார்த்தபடி இருந்த நாற்காலி எனக்கு, அதற்குப் பக்கத்து நாற்காலியை மகளுக்கென்று வைத்தேன். செய்தி எதுவும் வரவில்லை. போன் செய்தேன், எடுக்கவில்லை. கஸ்டம்ஸில் வரிசையில் நிற்பாள், அங்கே போன் பேசக் கூடாது என்று எனக்கு நானே கைடு ஆனேன்.

நடையில் வந்தவர்களுக்கு நானே வாளி தூக்கிப் பரிமாறுவது வழக்கம். படம் எடுக்க நன்றாக இருக்கும். அன்றைக்கும் இலை போட்டேன், சோறு போட்டேன், பருப்பு ஊற்றினேன். உள்ளேயிருந்து ஒரு பையன் வந்து, "மீன் வறுவல் முடியப்போவுதுண்ணே" என்றான். மகளுக்கு மீன் வறுவல் என்றால் உயிர். எடுத்து வைத்துவிடலாம் என்று தோன்றியது. அவள் நாற்காலிக்கு முன்னால் ஒரு இலையைப் போட்டேன். ஓரத்தில் மீனை வைத்தேன். மீன் மட்டும் தனியாக இருந்தால் நன்றாக இல்லை. சோறு வைத்தேன். கத்தரிக்காய் பிடிக்கும், வைத்தேன். பாகற்காய் சிப்ஸ் பிடிக்கும், அப்பளம் நொறுக்கித் தின்னப் பிடிக்கும். ரோஜா சிராப்பில் பால் ஊற்றிய பண்டோங் சின்ன வயதிலிருந்தே பிடிக்கும்; ஒரு கிளாஸ் வாங்கி இலைக்கு வலது பக்கம் வைத்தேன். பாயசமும் ஒரு கிண்ணம். தள்ளி நின்று பார்த்தேன். எனக்கே பெருமையாக இருந்தது. வந்து பார்த்தால் அசந்துவிடுவாள்.

அக்கா அடுப்படியிலிருந்து கையைத் துடைத்துக்கொண்டே வந்தார். சீனக் குடும்பத்தைப் பார்த்துச் சிரித்தார். பிறகு அந்த இலையைப் பார்த்தார். சிரிப்பு போய்விட்டது.

"அண்ணே, யாருக்குப் படைச்சிருக்கீங்க?"

"படைக்கலக்கா, மகளுக்கு…" என்று ஆரம்பித்தவன், அப்போதுதான் பார்த்தேன்.

ஆளில்லாத நாற்காலி. அதற்கு முன்னால் நிறைந்த இலை. பிடித்தது எல்லாம் ஒன்று விடாமல். பக்கத்தில் குடிக்க ஒரு கிளாஸ். செத்தவர்களுக்குத்தான் இப்படி வைப்போம். என் மனைவியின் பதினாறாம் நாள் இப்படித்தான் வைத்தோம். அன்றைக்கு எடுத்து வைத்தது என் மகள்தான். அம்மாவுக்குச் சீனி குறைத்த தேத்தண்ணிதான் பிடிக்கும் என்று, சொந்தக்காரர்கள் போட்டதைக் கொட்டிவிட்டு வேறு போட்டு வந்து வைத்தாள். நாங்கள் இருவரும் ஒன்றாக ஒரு இலையின் முன்னால் கடைசியாக உட்கார்ந்தது அன்றைக்குத்தான்.

"அலமாக், உங்களுக்கு அறிவு இருக்கா?" அக்கா குரலைத் தாழ்த்திப் பல்லைக் கடித்தார். "புள்ள ரோட்ல வந்துகிட்டிருக்கு. ஆள் உக்காராம எலையில சோறு போடுவாங்களா? சின்ன வயசு ஆளா நீங்க?"

"மீன் முடிஞ்சிருமேன்னு…"

"மீனாம் மீனு! வச்சத எடுக்கவும் கூடாது. மொதல்ல நீங்க உக்காந்து வாய வைங்க. ம், உக்காருங்கண்ணே!"

சீன அம்மா சோற்றைப் பிசைவதை நிறுத்திவிட்டு, "அந்த இலை யாருக்கு?" என்று கேட்டார். பாவம், தெரியாமல்தான் கேட்டார்.

"எனக்குத்தான் மேடம்" என்றேன். "கைடுக்கு எப்பவும் ரெண்டு எலை. பேசுறதுக்கு ஒண்ணு, சாப்பிடுறதுக்கு ஒண்ணு."

எல்லாரும் சிரித்தார்கள். நான் என் இலையை விட்டுவிட்டு மகளின் நாற்காலியில் உட்கார்ந்து சாப்பிட ஆரம்பித்தேன். வழியெல்லாம் ஒவ்வொரு கடையிலும் எதையாவது வாயில் போட்டிருந்ததால் வயிற்றில் இடமில்லை. ஆனால் ஒரு பருக்கை மிஞ்சினாலும் அது அவளுக்குப் படைத்ததாகிவிடும் என்று ஒரு பயம் பிடித்துக்கொண்டது. படிக்காதவன்தான், பயப்படுவதற்குப் படிப்பு வேண்டியதில்லை. மீன் முள்ளைக்கூடச் சூப்பினேன். கத்தரிக்காய் எனக்குப் பிடிக்காது, முழுங்கினேன். பண்டோங்கைக் கடைசிச் சொட்டு வரைக்கும் குடித்தேன். தொண்டையெல்லாம் ரோஜாப்பூ மணத்தது. ஒவ்வொரு வாய்க்கும் கதவைப் பார்த்தேன். யார் யாரோ வந்தார்கள். சீனப் பெண்கள் நான் சாப்பிடுவதைப் படம் எடுத்தார்கள். இந்தப் படம் எங்காவது ஓடிக்கொண்டிருக்கும். இந்தியர்கள் எவ்வளவு ரசித்துச் சாப்பிடுகிறார்கள் என்று யாராவது எழுதியும் இருப்பார்கள்.

அக்கா பக்கத்திலேயே நின்று, இலை காலியாகும் வரை நகரவில்லை. காலியானதும் இலையைத் தானே எடுத்துக்கொண்டு போனார். மேசைத் துணியை எடுத்து அந்த இடத்தை மட்டும் இரண்டு முறை துடைத்தார். "ஒண்ணும் ஆவாதுண்ணே. புள்ள வந்துரும்" என்றார். நான் சோறு போடாமல் விட்ட என் இலையை என்ன செய்தார் என்று தெரியவில்லை.

வந்தவர்கள் கைகுலுக்கிவிட்டுப் போனார்கள். சீன அம்மா, "உங்கள் மகளுக்கு எங்கள் வணக்கம்" என்றார். கொடியைச் சுருட்டிக்கொண்டு கடைக்கு வெளியே அஞ்சடி நடைபாதையில் வந்து நின்றேன். அப்போதுதான் போன் வந்தது.

"அப்பா… ரொம்ப ஜாம்பா. நகரவே இல்ல. அதான் திரும்பிப் போயிடலாம்னு… நாளைக்குக் காலைல வேலை வேற."

உயிரோடு இருக்கிறாள். முதலில் அதுதான் தோன்றியது. பிறகுதான் காது வேலை செய்தது. அந்தப் பாலத்தில் பஸ் ஓட்டியவன் நான். ஜாமுக்கு ஒரு சத்தம் உண்டு. மோட்டார் சைக்கிள்கள் இடுக்கில் புகுந்து போகிற சத்தம், நிற்காத இஞ்சின் உறுமல், ஹாரன். இவளுக்குப் பின்னால் அது எதுவும் இல்லை. டிவியில் யாரோ சிரித்துக்கொண்டிருந்தார்கள். நாற்காலியோ கட்டிலோ கிறீச்சென்றது. பஸ் ஏறவே இல்லை. அறையை விட்டே கிளம்பியிருக்க மாட்டாள். கிளம்பலாம் என்று உட்கார்ந்து, முடியாமல் அங்கேயே உட்கார்ந்துவிட்டிருப்பாள். எனக்குத் தெரியும். நானும் அந்த ஃப்ளாட்டுக்குள் போகாமல் கீழே மோட்டார் சைக்கிள் மேல் அப்படி உட்கார்ந்திருக்கிறேன்.

வேறு யாரிடம் கற்றுக்கொள்வாள்? தாத்தாவைத் தூண் தூணாகச் சாய வைக்கிறவன் மகள்.

"ஆமாம்மா" என்றேன். "இங்கயும் எல்லாரும் சொன்னாங்க, இன்னிக்குப் பாலம் ரொம்ப மோசமாம். வந்திருந்தா மாட்டியிருப்ப. நல்ல வேள திரும்பிட்ட."

டிவிக்காரர்கள் மட்டும் சிரித்தார்கள்.

"சாப்டீங்களாப்பா?"

வழக்கமான பதில் வாய் வரைக்கும் வந்தது. சாப்டேன், நீ? ஆச்சு. அத்தோடு போனை வைத்துவிடுவோம். பிறகு மாசாய் பஸ், கோணல் திரை, புது விரிப்பு.

"ஒன் பங்கையும் நானே சாப்டேன்" என்றேன். "மீன் வறுவல் இருந்துச்சே, வால் பக்கத்துத் துண்டு. ஒனக்குப் புடிக்குமே, அந்த ஓரமெல்லாம் கருகி மொறுமொறுன்னு…"

"ஐயோ, சொல்லாதீங்கப்பா."

"கத்திரிக்காவும் தின்னேன்."

"பொய் சொல்லாதீங்க. நீங்களா? கத்திரிக்காவா?"

"சத்தியமா. இந்தக் கொடி மேல சத்தியம். எண்ணெய் மெதக்குது, அதுக்குள்ள புளி வேற…"

சொல்லிக்கொண்டே நடக்க ஆரம்பித்தேன். பஸ் நிறுத்தத்துக்கு எதிர்ப்பக்கமாக, வந்த வழியே. அப்பளத்தைச் சொன்னேன், பண்டோங்கைச் சொன்னேன், ரொட்டிக் கடைக்கு முன்னால் இன்னமும் நிற்கிற வரிசையைச் சொன்னேன். கொடியை ஏன் மறுபடி விரித்துத் தூக்கிப் பிடித்தேன் என்று தெரியவில்லை. பின்னால் யாரும் வரவில்லை. பாய் கடைக்குப் பக்கத்தில் வந்து தாத்தாவின் தூணைச் சொல்ல வாயெடுத்தபோது, அந்தப் பக்கம் டிவி சத்தம் நின்றது. அவள்தான் அணைத்திருக்க வேண்டும்.

"ம், சொல்லுங்கப்பா" என்றாள். "அப்பறம்?"